மானியம் வாங்கிய ரயில் கம்பெனியிடம் அரசு எங்கே கை நீட்ட வேண்டும்?

ரயில் பாதை போட ஒரு தனியார் கம்பெனிக்கு அரசு பணமோ நிலமோ வட்டி உத்தரவாதமோ கொடுக்கிறது. வண்டி ஓடத் தொடங்கிய பிறகு அதில் எவ்வளவு, எப்போது, எந்த வழியாகத் திரும்பி வரும்? பேரம் பேசும்போது எல்லாரும் சதவீதத்தைப் பிடித்துக்கொண்டு இழுக்கிறார்கள். 5ஆ, 7ஆ, 25ஆ என்று. 19ஆம் நூற்றாண்டுக் கணக்குகளைப் புரட்டிப் பார்த்தால் சதவீதம் இரண்டாம்பட்சம் என்று தெரியும். கம்பெனியின் கணக்குப் புத்தகத்தில் எந்த வரிக்கு எதிரே அரசு கை நீட்டுகிறது, அந்த வரியை எழுதும் பேனா யார் கையில் இருக்கிறது என்பதே வரும் தொகையை முடிவு செய்திருக்கிறது.

இங்கே ஐந்து வழிகளை ஒப்பிடுகிறோம். இல்லினாய் சென்ட்ரல் கம்பெனியிடம் அந்த அமெரிக்க மாநிலம் வாங்கிய மொத்த வருவாய்ப் பங்கு ஒன்று. யூனியன் பசிபிக், சென்ட்ரல் பசிபிக் கம்பெனிகளிடம் வாஷிங்டன் கேட்ட நிகர வருவாய்ப் பங்கு இன்னொன்று. அதே கம்பெனிகளுக்கு அரசு கொடுக்க வேண்டிய கட்டணத்தைப் பிடித்து வைத்துக்கொள்வது மூன்றாவது. அது போதாமல் 1878இல் சட்டம் போட்டு ஏற்றிய கடன் தீர்வு நிதி, அதாவது பின்னால் கடனை அடைக்க முன்கூட்டியே ஒதுக்கிச் சேர்க்கும் பணம், நான்காவது. மதராஸ் ரயில்வே உள்ளிட்ட இந்தியக் கம்பெனிகளின் உத்தரவாத ஒப்பந்தங்களில் இருந்த உபரிப் பங்கு ஐந்தாவது.

ஒரே கம்பெனி, நான்கு கணக்கு

முதலில் ஒரு கற்பனைக் கம்பெனியை வைத்துப் பார்த்துவிடலாம். போட்ட முதல் 500 லட்சம். ஆண்டு மொத்த வருவாய் 100 லட்சம், இயக்கச் செலவு 60, நிகரம் 40. பாதையை அடமானம் வைத்து வாங்கியதும் மற்றக் கடன்களுக்கு முன்னே அடைக்க வேண்டியதுமான முதல் அடமானக் கடனுக்கு வட்டி 15.

மொத்த வருவாயில் 7 சதவீதம் கேட்ட அரசுக்கு 7 லட்சம் வரும். நிகரத்தில் 5 சதவீதம் கேட்ட அரசுக்கு 2 லட்சம். முதல் அடமான வட்டியைக் கழித்தபின் மிஞ்சும் 25இல் கால்பங்கு கேட்டால் 6.25 லட்சம். முதலுக்கு 5 சதவீத வட்டியான 25 லட்சத்துக்கு உத்தரவாதம் கொடுத்து, அதற்கு மேல் வரும் உபரியில் பாதி கேட்டால் 7.5 லட்சம். நல்ல ஆண்டில் உபரிப் பங்குதான் ஆசை காட்டும்.

மழை பொய்த்த ஆண்டு. வருவாய் 70, செலவு 55, நிகரம் 15 என்று வைத்துக்கொள்வோம். மொத்த வருவாய்ப் பங்கு 4.9 லட்சம் வந்துவிடும். நிகரத்தில் 5 சதவீதம் 75,000 ஆகிவிடும். கால்பங்கு கேட்டவருக்கு ஒன்றுமில்லை. உத்தரவாதம் கொடுத்தவர் தன் கையிலிருந்து 10 லட்சம் எடுத்து வைக்க வேண்டும்.

இனி நல்ல ஆண்டுக்கே திரும்பி, கணக்கர் ஒரு சின்ன வேலை செய்கிறார் என்று பாருங்கள். 10 லட்சத்துக்குப் புதிய பாலம் கட்டிவிட்டு, அதை மூலதனத்தில் எழுதாமல் பராமரிப்புச் செலவில் எழுதுகிறார். நிகரம் 30 ஆகிறது. மொத்த வருவாய்ப் பங்கு அசையவில்லை, அதே 7. நிகரப் பங்கு 2இலிருந்து 1.5. கால்பங்கு 6.25இலிருந்து 3.75. உபரிப் பங்கு 7.5இலிருந்து 2.5. ஒரு வரியை ஒரு பக்கத்திலிருந்து இன்னொரு பக்கத்துக்கு மாற்றியதில் இவ்வளவும் போனது. கீழே வரும் வழக்குகளில் பெரும்பாலானவை இந்த ஒரு வரியைப் பற்றியவை.

மொத்த வருவாய்: இல்லினாய் வழி

1850இல் அமெரிக்க மத்திய அரசு இல்லினாய் மாநிலத்துக்கு நிலம் கொடுத்தது. மாநிலம் 1851 பிப்ரவரியில் அந்த நிலத்தை, சுமார் 26 லட்சம் ஏக்கரை, இல்லினாய் சென்ட்ரல் கம்பெனிக்குக் கைமாற்றியது. பதிலுக்குக் கேட்டது மொத்த வருவாயில் ஒரு பங்கு. வழக்கமான வரிகளுக்குப் பதிலாக, எல்லாம் சேர்த்து 7 சதவீதத்துக்குக் குறையாமல் ஆண்டுதோறும் வந்துகொண்டிருக்க வேண்டும் என்பது ஏற்பாடு. 705 மைல் பாதை 1856இல் முடிந்தது. 1870இல் எழுதிய மாநில அரசியல் சாசனத்தில், இந்தக் கடமையைச் சட்டமன்றமே நினைத்தாலும் தள்ளுபடி செய்ய முடியாதபடி தனிப் பிரிவு ஒன்றைச் சேர்த்தார்கள். சட்டமன்ற உறுப்பினர்களை ரயில் கம்பெனிகள் எப்படிக் கவனித்துக்கொள்ளும் என்று தெரிந்தவர்கள் போட்ட பூட்டு அது. இந்த ஒப்பீட்டில் உள்ள ஏற்பாடுகளில் மிகக் கெட்டிக்காரத்தனமான வாசகம் அதுதான்.

இந்த வழியின் பலம், செலவுக் கணக்கைப் பார்க்கவே தேவையில்லை என்பது. டிக்கெட் விற்றதும் சரக்கு ரசீது போட்டதும் தெரிந்தால் போதும். பலவீனம் இரண்டு. முதலாவது, லாபம் மெலிந்த சரக்கை இது கொல்லும். நிலக்கரியை 100 ரூபாய்க்கு ஏற்றிப்போய் 5 ரூபாய் மிச்சம் பிடிக்கும் கம்பெனியிடம் 7 ரூபாய் கேட்டால், அந்தச் சரக்கை அது தொடாது, அல்லது கட்டணத்தை ஏற்றும். இரண்டாவது, எந்தப் பாதையின் மொத்த வருவாய் என்ற கேள்வி. 1851இல் கம்பெனிக்குக் கொடுத்த உரிமைச் சாசனத்தில் சொன்ன 705 மைலுக்குத்தான் பங்கு. கம்பெனியோ பிற்பாடு தெற்கே நியூ ஆர்லியன்ஸ் வரை பரவியது. நியூ ஆர்லியன்ஸிலிருந்து சிகாகோ வரும் ஒரு வேகன் பஞ்சுக்கான கட்டணத்தில் சாசனப் பாதையின் பங்கு எவ்வளவு? அதைப் பிரித்துக்காட்டும் கணக்கு கம்பெனியிடமே இருந்தது. இந்தத் தகராறு மாநில உச்ச நீதிமன்றம் வரை போனது.

மொத்த வருவாய் என்றால் வரையறை வேண்டாம் என்று நினைப்பவர்கள், இந்தியத் தொலைத்தொடர்பு நிறுவனங்களின் ஏ.ஜி.ஆர். (சரிசெய்த மொத்த வருவாய்) வழக்கை நினைத்துக்கொள்ளலாம். வாடகையும் வட்டி வருமானமும் அதில் சேருமா என்று பல ஆண்டுகள் இழுத்து, 2019இல்தான் உச்ச நீதிமன்றம் முடித்தது.

நிகர வருவாய்: பசிபிக் பாதைகளின் பாடு

1862 ஜூலை 1இல் லிங்கன் கையெழுத்திட்ட பசிபிக் ரயில் சட்டம் பணத்தை மைல் கணக்கில் கொடுத்தது. சமவெளியில் மைலுக்கு 16,000 டாலர், இரு மலைத்தொடர்களுக்கு இடைப்பட்ட பகுதியில் 32,000, மலைப்பகுதியில் 48,000. கொடுத்தது ரொக்கமாக அல்ல; 6 சதவீத வட்டியில் 30 ஆண்டு அரசுக் கடன் பத்திரங்களாக. கம்பெனி அவற்றைச் சந்தையில் விற்றுப் பணமாக்கிக்கொள்ளும். மலை எங்கே தொடங்குகிறது என்பதிலேயே பணம் இருந்தது. சியரா நெவாடாவின் அடிவாரம் சேக்ரமெண்டோவிலிருந்து சுமார் 7 மைலில், பார்வைக்குச் சமதரையாக இருக்கும் இடத்தில் தொடங்குவதாகச் சான்று வாங்கினார்கள். மண்ணின் தன்மை மாறுகிறதாம்.

ஆறு கம்பெனிகளுக்குமாகக் கொடுத்த பத்திரங்களின் மதிப்பு 6,46,23,512 டாலர். இதில் யூனியன் பசிபிக் 2.72 கோடி, சென்ட்ரல் பசிபிக் 2.59 கோடி, கன்சாஸ் பசிபிக் 63 லட்சம். மீதி மூன்று சிறிய கம்பெனிகளுக்கு.

திரும்பப் பெற சட்டத்தில் இருந்த வழிகள் மூன்று. பாதையின் மேல் முதல் அடமானம். அரசுத் தபால், படை, தளவாடங்கள் ஏற்றிச் செல்வதற்கான கட்டணம் முழுவதையும் கடனில் கழித்துக்கொள்வது. பாதை முடிந்தபின் ஆண்டுதோறும் நிகர வருவாயில் குறைந்தது 5 சதவீதம். 1864இல் சட்டத்தைத் திருத்தியபோது முதல் இரண்டும் பாதியாகத் தேய்ந்தன. கம்பெனி அதே அளவுக்குத் தன் சொந்தக் கடன் பத்திரங்களை முதல் அடமானத்தில் விற்கலாம், அரசின் அடமானம் இரண்டாம் இடத்துக்குப் போகும். கட்டணத்திலும் பாதியை மட்டுமே பிடிக்கலாம். இந்த ஒரு திருத்தத்தின் விலையை முப்பது ஆண்டு கழித்துத்தான் கருவூலம் உணர்ந்தது.

‘நிகர வருவாயில் 5 சதவீதம்’ என்பது காகிதத்தில் மூன்றே சொல். அதிலிருந்து நான்கு தகராறுகள் முளைத்தன.

முதலாவது, வட்டி எப்போது கொடுக்க வேண்டும்? பத்திரம் வாங்கியவர்களுக்கு அரசு ஆறு மாதத்துக்கு ஒருமுறை வட்டி கொடுத்துக்கொண்டே இருந்தது. அதைக் கம்பெனி உடனுக்குடன் கட்ட வேண்டும் என்று கருவூலம் நினைத்தது. சட்டத்தில் அப்படி எழுதவில்லை. 1873இல் நாடாளுமன்றம் கட்டணம் முழுவதையும் பிடித்துவைக்கச் சொல்லி, வேண்டுமானால் வழக்குப் போட்டுக்கொள்ளலாம் என்றது. கம்பெனி வழக்குப் போட்டது. 1875இல் உச்ச நீதிமன்றம் கம்பெனிக்குச் சாதகமாகச் சொன்னது: அசல் முதிரும்வரை வட்டியும் பாக்கியே, பிடித்த கட்டணமும் 5 சதவீதமும் தவிர வேறெதுவும் இப்போது கேட்க முடியாது.

இதன் கணக்கைப் போட்டுப் பார்க்க வேண்டும். 1,000 டாலர் பத்திரத்துக்கு அரசு ஆண்டுக்கு 60 டாலர் கொடுக்கிறது, முப்பது ஆண்டுக்கு 1,800. கடைசியில் கம்பெனி தர வேண்டியது 2,800. நடுவில் அரசு கைவிட்டுக் கொடுத்த வட்டிக்கு வட்டி கிடையாது. அதே 6 சதவீதத்தை அரையாண்டுக் கூட்டுவட்டியாகப் போட்டால் தொகை சுமார் 5,890 டாலர். அரசே பிற்காலத்தில் இதைவிடக் குறைந்த வட்டிக்குக் கடன் வாங்க முடிந்ததால் உண்மை இழப்பு அவ்வளவு இல்லை. ஆனாலும் ‘ஆண்டுதோறும் செலுத்த வேண்டும்’ என்ற ஒரு வாசகம் இல்லாத குறை இது.

இரண்டாவது, பாதை எப்போது முடிந்தது? 5 சதவீதம் தொடங்குவது அன்றிலிருந்துதான். 1869 மே 10இல் பிராமண்டரியில் தங்க ஆணி அடித்துத் தேசமே கொண்டாடியது. கம்பெனியோ, அரசு ஆணையர்கள் கடைசியாகச் சான்றளித்த 1874 அக்டோபரில்தான் பாதை சட்டப்படி முடிந்தது என்று வாதாடியது. ஐந்தாண்டு பங்கைத் தப்பிக்கும் வாதம். பாதை முடிந்துவிட்டது என்று சொல்லிப் பத்திரம் வாங்கிக்கொண்டவர்கள் முடியவில்லை என்று சொல்ல முடியாது என்று நீதிமன்றம் கருதி, 1869 நவம்பர் 6 என்று தேதி குறித்தது.

மூன்றாவது, நிகரம் என்றால் என்ன? 1879இல் வந்த தீர்ப்பு இது. நீதிபதி பிராட்லி எழுதினார். நிர்வாகச் செலவும் ஓட்டும் செலவும் பழுதுபார்ப்பும் கழியும். பங்கோ பத்திரமோ விற்காமல், வருவாயிலிருந்தே நேர்மையாகச் செய்த மேம்பாடுகளும் கழியும். முதல் அடமானத்தின் வட்டி கழியாது. மிசூரி ஆற்றின் மேல் ஒமாஹாவில் கட்டிய பாலம் பாதையின் பகுதிதான், அதன் வருமானமும் கணக்கில் வரும். வட்டியைக் கழிக்க விடாதது அரசுக்கு வெற்றி. மேம்பாட்டைக் கழிக்க விட்டது, மேலே சொன்ன கணக்கரின் வேலைக்குக் கதவு திறந்தது. ‘நேர்மையாக’ என்ற சொல்லை ஆண்டுதோறும் ஒவ்வொரு ரசீதிலும் யார் சோதிப்பது? ரயில் கணக்குகளைத் தணிக்கை செய்ய என்று ஓர் அலுவலகமே 1878 ஜூனில்தான் உருவானது.

நான்காவது, எந்த மைல்? கன்சாஸ் பசிபிக் டென்வர் வரை 638 மைல் நீளம். பத்திர உதவி கிடைத்தது முதல் 394 மைலுக்கு மட்டும். 5 சதவீதமும் அந்த 394 மைலின் வருவாய்க்கு மட்டுமே என்று தீர்ப்பானது. அதிலிருந்து பாடம் படித்துக்கொண்டது கம்பெனிகள்தான். யூனியன் பசிபிக் தன் கிளைப் பாதைகளோடு கட்டணத்தைப் பங்கிடும்போது கிளையின் ஒரு மைலை ஒன்றரை மைலாகக் கணக்கிட்டது. உதவி வாங்காத கிளைக்கு வருவாய் ஊறியது, உதவி வாங்கிய தாய்ப்பாதையில் நிகரம் வற்றியது. மேற்கே இதைவிடப் பெரிய காரியம். 1885இல் சென்ட்ரல் பசிபிக், அதே முதலாளிகளின் சதர்ன் பசிபிக் கம்பெனிக்குக் குத்தகைக்குப் போனது. உதவிக்கடன் சுமக்காத தெற்குப் பாதையும் அவர்கள் கையில் இருந்ததால், நெடுந்தூரச் சரக்கை எந்தப் பாதையில் அனுப்புவது என்பது அவர்கள் விருப்பம். அரசின் பங்கு போகும் பாதையில் அனுப்ப அவர்களுக்கு என்ன தலையெழுத்து?

பிடித்து வைத்துக்கொள்வது

அரசே பெரிய வாடிக்கையாளர். தபால் பைகளும் படைவீரர்களும் ரயிலில் போகிறார்கள். ரசீது அரசின் மேசைக்கு வருகிறது. அதில் பாதியைக் கழித்துக்கொண்டு மீதிக்குக் காசோலை எழுதினால் போதும். கம்பெனியின் புத்தகத்தை நம்பத் தேவையில்லை, வசூலிக்க ஆள் தேவையில்லை. மற்ற எல்லா வழிகளிலும் அரசு கேட்க வேண்டும், கம்பெனி கொடுக்க வேண்டும். இங்கே மட்டும் கம்பெனி கேட்க வேண்டும். பசிபிக் பாதைகளில் தகராறு எவ்வளவு நடந்தாலும் இந்தப் பணம் வந்துகொண்டிருந்தது.

ஓட்டை இங்கேயும் மைலில்தான். பத்திர உதவியில் கட்டிய பாதையில் ஏற்றிய சரக்குக்கு மட்டுமே பிடிக்கலாம், குத்தகைக்கு எடுத்த பிற பாதைகளின் கட்டணத்தை முழுதாகக் கொடுத்துவிட வேண்டும் என்று 1886இல் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது.

பணத்துக்குப் பதில் நிலம் கொடுத்த இடங்களில் இதன் தம்பி முறை ஒன்று இருந்தது. அரசுப் படைகளும் பொருள்களும் அந்தப் பாதையில் ‘சுங்கமின்றி’ செல்லலாம் என்பது நிபந்தனை. இலவசப் பயணம் என்றுதான் யாரும் வாசிப்பார்கள். 1876இல் உச்ச நீதிமன்றம் வேறு மாதிரி வாசித்தது. சுங்கம் என்பது சாலையைப் பயன்படுத்துவதற்கு. ஆகவே தண்டவாளம் இலவசம், வண்டியும் எஞ்சினும் ஆளும் இலவசமில்லை. அதற்கு ஈடாக வழக்கமான கட்டணத்தில் பாதி என்ற கணக்கு நிலைத்தது. இந்தப் பாதிக்கட்டணச் சலுகை படிப்படியாகக் குறைந்து 1946 அக்டோபர் 1வரை நீடித்தது. இரண்டு உலகப் போர்களின் படை நடமாட்டமும் அதற்குள் அடங்கிவிட்டன. நிலம் கொடுத்த அரசுக்கு இது மோசமான வியாபாரமாகப் படவில்லை.

கடன் தீர்வு நிதி

1875 தீர்ப்புக்குப் பிறகு கருவூலத்துக்கு ஒரு பயம் பிடித்தது. முப்பதாம் ஆண்டில் 2.8 மடங்கு கடன் ஒரேயடியாக முதிரும். அதற்குள் முதலாளிகள் எல்லாவற்றையும் லாப ஈவாக எடுத்துவிட்டு வெறும் கூட்டை விட்டுச் செல்வார்கள். 1878 மே 7இல் வந்த தர்மன் சட்டம் இதற்கு மருந்து. பிடித்த கட்டணத்தின் ஒரு பாதி முன்போலவே வட்டிக்குப் போகும். கம்பெனிக்குக் கொடுத்துவந்த மறு பாதியும் இனிக் கருவூலத்தின் கடன் தீர்வு நிதிக்குப் போகும். 5 சதவீதம் உண்டு. இவையெல்லாம் சேர்ந்து நிகரத்தில் 25 சதவீதத்தை எட்டவில்லையென்றால், யூனியன் பசிபிக் 8.5 லட்சம் டாலர்வரையும் சென்ட்ரல் பசிபிக் 12 லட்சம்வரையும் கூடுதலாகக் கட்ட வேண்டும். கட்டத் தவறிய காலத்தில் லாப ஈவு கொடுக்கக் கூடாது.

ஒப்பந்தத்தைப் பிற்பாடு ஒருதலையாக மாற்றலாமா என்ற கேள்வி வந்தது. 1864 சட்டத்தில் ‘இச்சட்டத்தை நாடாளுமன்றம் எப்போது வேண்டுமானாலும் திருத்தலாம்’ என்ற ஒரு பிரிவு இருந்தது. அதைப் பிடித்துக்கொண்டுதான் 1879இல் உச்ச நீதிமன்றம் தர்மன் சட்டத்தை நிலைநிறுத்தியது. மூன்று நீதிபதிகள் மறுத்தார்கள், நிகரத்துக்கு விளக்கம் எழுதிய பிராட்லியும் அவர்களில் ஒருவர்.

குறைகளும் இருந்தன. இந்தச் சட்டத்தின் நிகர வரையறையில் முதல் அடமான வட்டி கழிந்துவிடுகிறது; 25 சதவீதம் என்பது பெயருக்குத்தான் 5இன் ஐந்து மடங்கு. நிதியை அமெரிக்க அரசுப் பத்திரங்களில்தான் போட வேண்டும் என்றார்கள். அவை முகமதிப்புக்கு மேல் விற்றுக்கொண்டிருந்தன, வட்டியோ குறைவு. 6 சதவீதக் கடனை அடைக்க அதைவிடக் குறைவாக ஈட்டும் நிதியைச் சேர்ப்பது ஓட்டைப் பானையில் நீர் நிரப்புவது போல. 1887இல்தான் கம்பெனிகளின் முதல் அடமானப் பத்திரங்களையும் வாங்கலாம் என்று திருத்தினார்கள். ஆனாலும் நிதி வீண்போகவில்லை என்பதைக் கடைசிக் கணக்கில் பார்ப்போம்.

உபரியில் பாதி: இந்திய உத்தரவாதம்

1849 முதல் கிழக்கிந்தியக் கம்பெனி லண்டன் ரயில் கம்பெனிகளோடு போட்ட ஒப்பந்தங்களின் அச்சு ஒன்றே. நிலம் இலவசம். போட்ட முதலுக்குப் பெரும்பாலும் 5 சதவீத வட்டி உத்தரவாதம். வருவாய் அதற்குக் குறைந்தால் இந்திய வருவாயிலிருந்து ஈடுகட்டுவார்கள். மிஞ்சினால் உபரியில் பாதி அரசுக்கு, முன்பு ஈடுகட்டியதற்காக. மறு பாதி பங்குதாரருக்கு. கம்பெனிக்குப் பிடிக்காவிட்டால் ஆறு மாத அறிவிப்பில் பாதையை ஒப்படைத்துவிட்டு முதலைத் திரும்ப வாங்கிக்கொள்ளலாம். 1856 ஜூலை 1இல் ராயபுரத்திலிருந்து வாலாஜா ரோட்டுக்கு வண்டி விட்ட மதராஸ் ரயில்வேயும், 1861இல் நாகப்பட்டினத்தையும் தஞ்சாவூரையும் இணைத்த கிரேட் சதர்ன் கம்பெனியும் இந்த வகைதான்.

இந்தக் கோரிக்கை மூன்று இடங்களில் உடைந்தது.

செலவு. மைலுக்குச் சுமார் 8,000 பவுன் ஆகும் என்று மதிப்பிட்டது 18,000 பவுன் பக்கம் போனது. லாபம் வந்தாலும் வராவிட்டாலும் 5 சதவீதம் நிச்சயம் என்றால் சிக்கனத்துக்கு யாருக்கு அக்கறை? பணம் போட்டவருக்கு அது ஹூக்ளி ஆற்றில் விழுந்தாலும் செங்கல் சுண்ணாம்பாக மாறினாலும் ஒன்றுதான் என்ற பொருளில், வைஸ்ராய் அவையின் முன்னாள் நிதி உறுப்பினர் மாஸி 1872இல் பிரிட்டிஷ் நாடாளுமன்றக் குழு முன் சாட்சி சொன்னார்.

அரையாண்டு. கணக்கை ஆறு மாதத்துக்கு ஒருமுறை முடித்தார்கள். இந்தியச் சரக்குப் போக்குவரத்து அறுவடையை ஒட்டி ஏறி இறங்குவது. முதல் ஆறு மாதத்தில் 4 லட்சம் உபரி, அடுத்த ஆறு மாதத்தில் 4 லட்சம் குறை என்று வையுங்கள். ஆண்டுக் கணக்கில் உபரியே இல்லை. அரையாண்டுக் கணக்கில் பங்குதாரர் 2 லட்சம் எடுத்துக்கொள்வார், அரசுக்கு 2 லட்சம் வரும், பிறகு அரசு 4 லட்சம் ஈடுகட்டும். கணக்கு முடிக்கும் தேதியால் மட்டுமே 2 லட்சம் கைமாறியது.

நாணய மாற்று. பெரும்பாலான ஒப்பந்தங்களில் ரூபாய்க்கு 1 ஷில்லிங் 10 பென்ஸ், அதாவது 22 பென்ஸ், என்று விகிதம் உறைந்திருந்தது. வெள்ளி விலை விழுந்து ரூபாய் 16 பென்ஸுக்கு வந்தபின்னும் கம்பெனி ஈட்டிய ஒவ்வொரு ரூபாயும் ஒப்பந்தப்படி 22 பென்ஸாகவே வரவு வைக்கப்பட்டது. அந்த 22 பென்ஸை லண்டனில் கொடுக்க அரசுக்கு 1.375 ரூபாய் தேவைப்பட்டது. உண்மையில் குறை விழுந்த ஆண்டிலும் காகிதத்தில் உபரி தெரிந்தது, அதிலும் பாதி பங்குதாரருக்கு.

இதற்கெல்லாம் மேல், 1870 வாக்கில் மதராஸ் உள்ளிட்ட சில கம்பெனிகளோடு ஒப்பந்தத்தை மாற்றியபோது, அதுவரை ஈடுகட்டிய நிலுவையையும் அப்போது கைக்கெட்டும் தூரத்தில் இருந்த பாதையை வாங்கும் உரிமையையும் விட்டுக்கொடுத்து, நிரந்தரமாகப் பாதி உபரியை வாங்கிக்கொண்டார்கள். மதராஸ் ரயில்வேயோ பல ஆண்டுகள் 5 சதவீதத்தையே எட்டாத பாதை. வராத உபரிக்காக வந்தே தீர வேண்டிய நிலுவையை விட்டது என்ன பேரம் என்று இன்றும் புரியவில்லை. 1908இல்தான் அந்தப் பாதை அரசின் கைக்கு வந்தது. இந்த மாற்றத்துக்குச் சிக்காத ஈஸ்ட் இந்தியன் ரயில்வேயை 1880க்குள்ளேயே அரசு வாங்கிவிட்டது.

எதை எழுதுவது

கம்பெனியின் புத்தகத்தைத் தினமும் பார்க்க ஆளில்லாத அரசு நிகரத்தைத் தொடவே கூடாது. மொத்த வருவாயில் குறைந்த சதவீதம், கூடவே தன் கட்டணத்தில் பிடித்தம். இந்த இரண்டையும் சேர்த்து எழுதுவதே எங்கள் தேர்வு. சரக்கு வகைக்கு ஏற்ப விகிதத்தைப் பிரிக்கலாம்; நிலக்கரிக்கும் தானியத்துக்கும் குறைவாக, பயணிக்கும் பார்சலுக்கும் கூடுதலாக.

நிகரம்தான் வேண்டும் என்று அடம்பிடித்தால், ஒப்பந்தத்தோடு ஒரு கணக்குப் படிவம் இணைப்பாக வர வேண்டும். எந்தச் செலவு மூலதனம், எது பராமரிப்பு என்பதை வகைவகையாக எழுத வேண்டும். தண்டவாளத்தைப் பழைய எடைக்கே மாற்றினால் பராமரிப்பு, கூடுதல் எடைக்கு மாற்றினால் அந்தக் கூடுதல் எடையின் விலை மூலதனம் என்ற அளவுக்கு. கிளைப் பாதைகளோடு கட்டணப் பங்கீடு உண்மையான மைல் கணக்கில் மட்டும். உதவி பெற்ற பாதையைக் குத்தகைக்கு விட்டால், பங்கு குத்தகைக்காரரின் வருவாய் மீதும் தொடர வேண்டும். வட்டி ஆண்டுதோறும் என்று ஒரு வரி. தொடக்க நாளுக்கு ஒரு தேதி; ‘முடிந்தபின்’ என்ற சொல் ஒப்பந்தத்தில் எங்கேயும் வேண்டாம். திருத்தும் உரிமை அரசுக்கு உண்டு என்று இன்னொரு வரி, ஏனென்றால் மேலே உள்ள எதையாவது நீங்கள் நிச்சயம் மறந்திருப்பீர்கள்.

உபரிப் பங்கை எடுக்க ஒரே நியாயம்தான் உண்டு: உத்தரவாதம் கொடுக்காமல் வேறு வழியில் எவனும் பணம் போட மாட்டான் என்ற நிலை. அப்போதும் ஆண்டுக் கணக்கு, உள்ளூர் நாணயம், முதலுக்கு உச்சவரம்பு மூன்றும் வேண்டும்.

ஏற்கெனவே கையெழுத்திட்டுவிட்டால்

பசிபிக் பத்திரங்கள் 1895 முதல் 1899க்குள் முதிர்ந்தன. வாஷிங்டன் முன் அப்போது கிடந்த வழிகள்: குறைந்த வட்டியில் பல பத்தாண்டுகளுக்குத் தவணையை நீட்டுவது, ஏலத்துக்குக் கொண்டுபோவது, கிடைத்த அசலோடு விலகுவது, குறுகிய காலத் தவணையில் முழுத்தொகை. நீட்டிப்பைக் கம்பெனிகள் விரும்பின, கலிபோர்னியாவில் பெரிய எதிர்ப்பு கிளம்பியது. 1897 ஜனவரியில் அப்படிப்பட்ட மசோதா ஒன்றைப் பிரதிநிதிகள் சபை தோற்கடித்தது.

யூனியன் பசிபிக் 1893இலேயே நொடித்து நீதிமன்றப் பொறுப்புக்குப் போயிருந்தது. வாங்க வந்த குழு முதலில் ஒப்புக்கொண்டது சுமார் 4.57 கோடி டாலர். அரசு அவசரப்படவில்லை. வேறு ஆட்களும் ஏலத்துக்கு வரக்கூடும் என்ற பேச்சு எழுந்ததும் குழு ஏறிக்கொண்டே வந்தது. 1897 நவம்பர் 1இல் ஒமாஹாவில் நடந்த விற்பனையில் 5,84,48,223 டாலர், அதாவது அரசின் கோரிக்கை முழுவதும், வந்து சேர்ந்தது. இதில் சுமார் 1.82 கோடி கடன் தீர்வு நிதியில் சேர்ந்திருந்தது. 2.8 மடங்குக் கணக்குப்படி 7.6 கோடி ஆகியிருக்க வேண்டிய கடன் இந்த அளவுக்குக் குறைந்திருந்ததற்கு, இடைப்பட்ட ஆண்டுகளில் பிடித்த கட்டணமும் 5 சதவீதமும் காரணம்.

கன்சாஸ் பசிபிக்கில் அதிர்ஷ்டம் அவ்வளவு இல்லை. அரசின் இரண்டாம் அடமானம் 394 மைலோடு நின்றது, அதற்கு முன்னால் தனியார் முதல் அடமானக்காரர்கள் இருந்தார்கள், தர்மன் சட்டத்தின் நிதியும் இந்தப் பாதைக்குக் கிடையாது. 1898இல் 63,03,000 டாலர் அசலை மட்டும் வாங்கிக்கொண்டு வட்டி பாக்கியை விட்டார்கள்.

சென்ட்ரல் பசிபிக்கோடு 1899 பிப்ரவரி 1இல் கையெழுத்தான உடன்பாடு வேறு மாதிரி. அசலும் வட்டியுமாக 5,88,12,715 டாலரை 20 சமக் கடன் சீட்டுகளாகப் பிரித்தார்கள். ஆறு மாதத்துக்கு ஒன்று, 3 சதவீத வட்டி, ஈடாகக் கம்பெனியின் புதிய 4 சதவீத அடமானப் பத்திரங்கள். முதல் நான்கு சீட்டுகளை ஸ்பேயர் வங்கி உடனே வாங்கிக்கொண்டதால் 1.17 கோடிக்கு மேல் கையோடு வந்தது. கடைசிச் சீட்டு 1909 பிப்ரவரியில் தீர்ந்தது.